பெயரின் வேரைச் சரிபார்த்தல்: மங்கரேயில் பிறக்கும் குழந்தைகளை முன்வைத்து

ஒரு பெயருக்கு இதுதான் பொருள் என்று சொல்லும்போது மூன்று செய்திகள் சேர்ந்தே சொல்லப்படுகின்றன. அந்தச் சொல் எந்த மொழிக்கு உரியது என்பது ஒன்று. அந்த மொழியில் அது எதைக் குறிக்கிறது என்பது இன்னொன்று. அந்தப் பொருளை மனத்தில் வைத்துத்தான் மக்கள் அதைப் பிள்ளைகளுக்குச் சூட்டினார்களா என்பது மூன்றாவது. பெயர்ப் புத்தகங்களும் பட்டியல்களும் இம்மூன்றையும் ஒரே வரியில் அடக்கிவிடுகின்றன. அதனால் ஒன்று சரியாக இருந்தால் மற்ற இரண்டும் சரி என்று நம்பத் தோன்றுகிறது. மூன்றையும் தனித்தனியே பிரித்து, ஒவ்வொன்றுக்கும் சான்று கேட்பதே சரிபார்ப்பு.

ஆக்லாந்து விமான நிலையத்தை ஒட்டிய மங்கரேயில் இந்த வேலை மற்ற ஊர்களைவிடக் கடினமானது. சமோவா, டோங்கா, குக் தீவுகளைச் சேர்ந்த பசிபிக் மக்களே இங்கு பெரும்பான்மை. அவர்களோடு மாவோரி மக்களும், ஃபிஜியிலிருந்து வந்த இந்தியர்களும், பஞ்சாபிகளும் வாழ்கிறார்கள். தெற்கு ஆக்லாந்தில் வசிக்கும் தமிழர்களிலும் தமிழ்நாடு, இலங்கை, மலேசியா, ஃபிஜி, தென்னாப்பிரிக்கா என்று ஐந்து வழிகளில் வந்தவர்கள் உண்டு. பக்கத்திலுள்ள மிடில்மோர் மருத்துவமனையில் ஒரே வாரத்தில் பிறக்கும் குழந்தைகளின் பெயர்களைப் பார்த்தாலே பத்துப் பன்னிரண்டு மொழிகளின் வேர்கள் தென்படும். எழுதப்படுவதோ ஒரே ரோமன் எழுத்தில். எந்தப் பெயர் எந்த மொழியிலிருந்து வந்தது என்பதை எழுத்து காட்டிக்கொடுக்காது.

ஊரின் பெயரே இதற்கு முதல் பாடம். மாவோரி அகராதியைத் திறந்து 'மாங்கெரே' என்று தேடினால் 'சோம்பல்' என்ற பொருள் கிடைக்கும். அகராதி தவறு செய்யவில்லை. ஆனால் தைனுயி என்ற மாவோரி மரபினர் வழங்கிவரும் விளக்கத்தில் ஊரின் முழுப்பெயர் 'ங்கா ஹாவ் மாங்கெரே'. மலையின் மறைவில் வேகம் தணிந்து மெல்ல வீசும் காற்றுகளை அது குறிக்கிறது. சோம்பல் காற்றுக்கு உரியது, ஊராருக்கு அல்ல. பெயர் சுருங்கி வழங்கியதில் 'காற்று' உதிர்ந்துபோய் அடைமொழி மட்டும் மிஞ்சியது. மிஞ்சிய சொல்லை மட்டும் அகராதியில் தேடுகிறவருக்குச் சரியான சொற்பொருளும் தவறான பெயர்ப்பொருளும் ஒருசேரக் கிடைக்கும். ஒரு பெயரின் கதையை அதை வைத்த சமூகத்திடம் கேட்க வேண்டும், அகராதி அதற்குத் துணைதான் என்பதை மாவோரிப் பெயர்கள் எல்லாவற்றுக்கும் பொருத்தலாம்.

அரசின் பிறப்புப் பதிவை இந்த விஷயத்தில் சான்றாகக் கொள்ள முடியாது. நியூசிலாந்தில் பிறந்த குழந்தையை இரண்டு மாதத்துக்குள் பதிவு செய்யும்படி உள்துறை கேட்டுக்கொள்கிறது. புண்படுத்தும் பெயர், அளவுக்கு மீறி நீண்ட பெயர், உரிமையில்லாமல் பதவியையோ பட்டத்தையோ ஒத்திருக்கும் பெயர் ஆகியவை ஏற்கப்படுவதில்லை. தமிழ்க் கிறித்தவர்கள் விரும்பிச் சூட்டும் 'பிரின்ஸ்', இந்தக் கடைசி விதியால் இங்கு ஆண்டுதோறும் மறுக்கப்படும் பெயர்களில் ஒன்று. பதிவாளர் பார்ப்பது இவ்வளவுதான். பெயரின் மொழி எது, பொருள் என்ன என்ற கேள்விகள் பதிவுப் படிவத்தில் கிடையாது. உள்துறை ஆண்டுதோறும் வெளியிடும் அதிகம் சூட்டப்பட்ட பெயர்களின் வரிசை எண்ணிக்கையைச் சொல்கிறது, வேரைச் சொல்வதில்லை. புதிதாகப் பிறந்தவர்களின் குடும்பப் பெயர்களில் சிங், கவுர், ஸ்மித் என்ற வரிசை வந்தபோது அது செய்தியானது. அந்த வரிசையிலிருந்து குடியேற்றத்தின் போக்கை அறியலாம், பெயரின் பொருளை அறிய முடியாது.

அதனால் பெற்றோர் பார்ப்பது பட்டியல்களைத்தான். பட்டியலின் பெரிய குறை அது எங்கிருந்து எடுத்தது என்று சொல்லாததே. ஒரு பட்டியலைப் பார்த்து இன்னொன்று எழுதப்படுகிறது. பத்து இடங்களில் ஒரே பொருள் இருப்பதைப் பத்துச் சான்றாக எண்ணக்கூடாது, அது பெரும்பாலும் ஒரே கூற்றின் பத்துப் படிகள். 2000க்குப் பிறகு இந்தியாவிலும் புலம்பெயர்ந்த இந்தியரிடமும் மிகப் பரவிய 'ஆரவ்' நல்ல எடுத்துக்காட்டு. 'அமைதியானவன்' என்று ஏறத்தாழ எல்லாப் பட்டியல்களும் சொல்கின்றன. சமஸ்கிருத அகராதியில் 'ஆரவ' என்ற சொல்லுக்கு ஒலி, கூச்சல், முழக்கம் என்பவையே பொருள். ஆரவாரம் என்ற சொல்லைத் தெரிந்த தமிழ்க் காதுக்கு அகராதிகூட வேண்டியதில்லை. முதலெழுத்தைக் குறிலாக்கி 'அரவ' என்று கொண்டால் 'ஓசையற்ற' என்று பிரிக்க இடமுண்டு. 'அமைதி' அந்த வழியாக உள்ளே வந்திருக்கலாம். ஆனால் பெயர் நெடிலோடு சூட்டப்படுகிறது, நெடிலோடுதான் அழைக்கப்படுகிறது. எல்லாப் புதுப் பெயர்களும் இப்படிச் சரிவதில்லை. 'விகான்' என்பதற்கு விடியல் என்று பட்டியல் சொல்வதற்கு ஆதரவு உண்டு. போஜ்புரியில் 'பிகான்' விடியற்காலையைக் குறிக்கிறது. கரும்புத் தோட்டத்துக்குப் போனவர்களோடு அந்தச் சொல் ஃபிஜி இந்திக்கும் போய் இன்றும் பேச்சில் இருக்கிறது. மங்கரேயில் வாழும் ஃபிஜிப் பாட்டி ஒருவரைக் கேட்டாலே அந்தப் பொருளின் அடிப்படை விளங்கிவிடும்.

சில பெயர்களுக்குப் பிறந்த இடமும் காலமும் தெளிவாகத் தெரியும். அப்போது ஊகத்துக்கே இடமில்லை. 'மைரா'வைச் சமஸ்கிருதச் சொல் என்று காட்டி 'அன்புக்குரியவள்' என்று பொருள் தரும் இந்தியப் பட்டியல்கள் பல. ஆனால் மைரா, 1554 முதல் 1628 வரை வாழ்ந்த ஆங்கிலக் கவிஞர் ஃபுல்க் கிரெவில் தம் கவிதைகளில் ஒரு பெண்ணுக்குச் சூட்டிய பெயர். அதற்கு முன் அது பெயராக வழங்கியதற்குச் சான்று கிடையாது. 'வனேசா'வின் கதை இன்னும் துல்லியமானது. எழுத்தாளர் ஜொனாதன் ஸ்விஃப்ட் தம் தோழி எஸ்தர் வனோம்ரியின் குடும்பப் பெயரின் முதல் அசையையும், எஸ்தர் என்பதன் செல்லப் பெயரையும் சேர்த்து அதை உருவாக்கினார். அவர் எழுதிய கவிதை 1726இல் அச்சானது. பட்டியல்கள் வனேசா என்றால் கிரேக்க மொழியில் பட்டாம்பூச்சி என்கின்றன. ஒரு பட்டாம்பூச்சிப் பேரினத்துக்கு ஃபாப்ரிசியஸ் என்ற பூச்சியியலாளர் வனேசா என்று பெயரிட்டது 1807இல். பெயர் முந்தியது, பூச்சி பிந்தியது. காலவரிசையைப் பார்த்தாலே இந்தப் பொருள் நிற்காது.

ஒரே ஒலிக்கு எதிரெதிர் வேர்களும் இருக்கலாம். 'கியாரா' என்பது ஐரிஷ் 'கியர்' என்ற சொல்லிலிருந்து வந்த பெயரென்று கொண்டால் கருநிறத்தவள். இத்தாலிய 'கியாரா'வென்று கொண்டால், லத்தீன் 'கிளாரா' வழியாக, ஒளியும் தெளிவும் உடையவள். இரண்டும் உண்மையான பெயர்கள். எந்தக் குடும்பம் எந்த மரபிலிருந்து எடுத்தது என்பது மட்டுமே அந்தக் குழந்தையின் பெயருக்குப் பொருள் சொல்ல முடியும். 'மாயா' இதைவிட விரிந்தது. மாவோரியில் 'மாயியா' துணிவைக் குறிக்கிறது. கிரேக்கப் புராணத்தில் அது ஹெர்மீசின் தாய். சமஸ்கிருதத்தில் அது மாயை. புத்தரின் தாய்க்கும் அதே பெயர். வேத காலத்தில் அந்தச் சொல்லுக்கு வியத்தகு ஆற்றல் என்ற பொருள் இருந்தது, பின்னர் வேதாந்தத்தில் பொய்த்தோற்றமாயிற்று, சைவ சித்தாந்தத்தில் மும்மலங்களுள் ஒன்றாயிற்று. ஒரு மொழிக்குள்ளேயே பொருள் இவ்வளவு நகர்ந்திருக்கும்போது, 'மாயா என்றால் பொய்' என்று ஒற்றைச் சொல்லில் முடிப்பது அந்தப் பெயருக்கு இழைக்கும் அநீதி.

ஒலியும் பொருளும் தற்செயலாகவே ஒத்துவருவதும் உண்டு. 'கவின்' சங்க இலக்கியத்தில் அழகைக் குறிக்கும் தமிழ்ச் சொல். 'கெவின்' என்ற ஐரிஷ் பெயரின் முற்பகுதியும் அழகு, மென்மை என்ற பொருளுடையது. இரண்டுக்கும் உறவில்லை. ஒலியும் பொருளும் சேர்ந்து ஒத்தாலும் அதற்குப் பின்னால் ஒரு வரலாற்றுத் தொடர்பு காட்டப்பட வேண்டும். இந்த விதியைப் பெயராய்வில் ஈடுபடும் தமிழர்கள் அடிக்கடி மீறுகிறார்கள். உலகப் பெயர்களுக்கெல்லாம் தமிழ் வேர் கண்டுபிடிக்கும் ஆர்வம் நல்லெண்ணத்தில் தோன்றுவதுதான், ஆனால் அது தமிழின் உண்மையான பழமைக்கே கெடுதல் செய்கிறது.

ரோமன் எழுத்தில் குறில் நெடில் மறைந்துபோவது மங்கரேயில் தினசரிப் பிரச்சினை. 'மாலா' என்றால் மாலை, 'மலா' என்று குறுகினால் அழுக்கைக் குறிக்கும் 'மலம்' பக்கத்தில் வந்து நிற்கும். எழுதும்போது இரண்டும் ஒன்றே. 'நிலா' தமிழில் சந்திரன், 'நீலா' சமஸ்கிருதத்தில் கருநீலம். ரோமன் எழுத்தில் எழுதிய ஒரே பெயரைப் பார்த்து ஒரு பட்டியல் 'நிலவு' என்கிறது, இன்னொன்று 'நீலம்' என்கிறது. இரண்டில் எதையும் குற்றம் சொல்ல முடியாது, அவை பார்ப்பது இரண்டு பெயர்களை. அரபிப் பெயர்களிலும் இப்படியே. 'ஹகீம்' அறிஞர், 'ஹாகிம்' ஆள்பவர் அல்லது நீதிபதி. மாவோரியில் நெடிலைக் காட்ட உயிரெழுத்தின் தலையில் ஒரு கோடு இடுவார்கள். அதை விட்டுவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு இப்போது பரவிவரும் 'கையா' என்ற பெயர் சான்று. ஸ்காண்டிநேவியாவில் அது கத்தரினா என்பதன் சுருக்கம். பட்டியல்கள் அதை ஹவாய் மொழியின் 'கடல்' என்ற சொல்லோடு சேர்க்கின்றன. மாவோரியில் கடைசி உயிரை நீட்டினால் அது திருடுவதைக் குறிக்கும் சொல். அந்த மொழி காதில் விழும் ஊரில் பிள்ளை வளரப் போகிறதென்றால், பெயரை எழுதிப் பார்ப்பதோடு நிற்காமல் பலர் வாயால் சொல்லச் சொல்லிக் கேட்பதும் சரிபார்ப்பில் சேரும்.

சரிபார்ப்பின் முதல் படி இதனால் பொருள் தேடுவது அல்ல, பெயரின் சரியான வடிவத்தை நிலைநாட்டுவது. தமிழ்ப் பெயரைத் தமிழில் எழுதிப் பார்த்தாலே பாதிச் சிக்கல் தீரும். மீதிப் பாதிக்குப் புணர்ச்சி தெரிந்திருக்க வேண்டும். 'அருண்மொழி'யை எடுத்துக்கொள்ளலாம். 'அருண்' என்பதைப் பிரித்து, கதிரவனோடு சேர்த்து, 'சூரியனைப் போன்ற மொழி' என்று பொருள் சொல்லத் தோன்றும். உண்மையில் அந்தப் பெயரில் அருணன் இல்லை. 'அருள்' என்பதோடு 'மொழி' சேரும்போது, மெல்லெழுத்து வருவதால் ளகர மெய் ணகரமாகத் திரிகிறது. நன்னூல் சொல்லும் விதிதான் இது. ஆகவே அது அருள் நிறைந்த மொழி. சேக்கிழாரின் இயற்பெயர் அருண்மொழித்தேவர் என்று வழங்குவது இந்த வடிவம் எவ்வளவு பழையது என்பதைக் காட்டும். முதலாம் ராஜராஜனின் இளமைப் பெயர் என்று வரும்போது இன்னொரு சிக்கல் சேர்கிறது. சோழர் கல்வெட்டுகளில் 'அருமொழிதேவ வளநாடு' என்ற நாட்டுப் பிரிவின் பெயர் வருகிறது. அங்கே 'அருமை' என்ற சொல்லே கண்ணில் படுகிறது, அரிய மொழி என்று ஆகிறது. கல்கி 'பொன்னியின் செல்வ'னில் பயன்படுத்திய அருள்மொழிவர்மன் என்ற வடிவமே இன்று மக்கள் மனத்தில் நிற்கிறது. அருமொழி, அருண்மொழி என்ற இரண்டு வடிவங்களுக்கும் ஆதாரம் இருப்பதால் இரண்டு பொருளையும் சொல்லிவிடுவதே நேர்மை. கதிரவனுக்கு மட்டும் எந்த ஆதாரமும் இல்லை.

'பொன்னியின் செல்வன்' 1950 முதல் 1954 வரை 'கல்கி' இதழில் தொடராக வந்தபின் அதன் பாத்திரங்களின் பெயர்கள் வீடுகளுக்குள் வந்தன. அவற்றில் சிலர் வரலாற்றில் வாழ்ந்தவர்கள், சிலர் கல்கியின் கற்பனை. குந்தவை கல்வெட்டில் உண்டு. பூங்குழலி நாவலில் மட்டும் உண்டு. பூங்குழலி என்ற பெயருக்குப் பூச்சூடிய கூந்தலை உடையவள் என்று பொருள் சொல்வது முற்றிலும் சரி, 'சோழர் காலத்துப் பெண்ணின் பெயர்' என்று சேர்த்துச் சொன்னால் தவறு. முதலில் சொன்ன மூன்று செய்திகளில் இரண்டு சரியாக இருந்து மூன்றாவது சறுக்கும் இடம் இதுதான்.

பழைய பெயர்களிலேயே பொருள் தீராத வழக்காக நிற்பவை உண்டு. கரிகாலன் என்றால் தீயில் கருகிய காலை உடையவன் என்பது பொருநராற்றுப்படையின் இறுதியில் சேர்ந்த வெண்பாக்கள் வழி வந்த கதை. யானைகளுக்குக் காலன் என்றும், கலிக்குக் காலன் என்றும் பிற்காலத்தில் பிரித்தார்கள். கால் கருகிய கதை, பெயரிலிருந்து பிறந்ததா, பெயருக்குக் காரணமா என்பதை முடிவு செய்யச் சான்று போதாது. இத்தகைய பெயருக்கு ஒரே பொருளை அடித்துச் சொல்லும் பட்டியலை அந்த ஒரு பதிவுக்காகவே ஐயத்தோடு பார்க்கலாம். இதற்கு நேர் எதிராக, பொருள் ஐயமின்றித் தெரிந்த பெயர்களும் இருக்கின்றன. சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற் கலைஞர் ஆனதும், சுவாமி வேதாசலம் 1916ஐ ஒட்டி மறைமலை அடிகள் ஆனதும் சொல்லுக்குச் சொல் மாற்றிய பெயர்கள். வேதம் மறையாயிற்று, அசலம் மலையாயிற்று, சுவாமி அடிகளாயிற்று. மாற்றியவரே சாட்சியாக இருப்பதால் இங்கே மறைமலை என்பதற்கு 'மறைந்திருக்கும் மலை' என்று யாரும் புதுப்பொருள் தர முடியாது.

மொழிபெயர்த்த பெயர்கள் மங்கரேயின் தேவாலயங்களில் இன்னொரு வகையில் சந்தித்துக்கொள்கின்றன. டோங்கர்களில் 'சியோனே' மிகப் பரவலான ஆண் பெயர். பைபிளின் யோவான் தீவு மொழியின் ஒலிக்கு ஏற்ப மாறி அப்படி ஆனார். அதே யோவானைப் பழைய தமிழ்க் கத்தோலிக்கர் அருளப்பர் என்றார்கள். எபிரேய மூலத்தில் அந்தப் பெயர் கடவுளின் அருளைச் சொல்வதால், ஒலியை விட்டுப் பொருளை எடுத்துக்கொண்டார்கள். லத்தீனில் பவுல் என்றால் சிறியவர். அவர் சின்னப்பர் ஆனதும் இந்த முறையில்தான். ஆகவே டோங்காவின் சியோனேயும் தூத்துக்குடியின் அருளப்பனும் ஒரே பெயரினர். 'அருளப்பன் எந்த மொழிப் பெயர்' என்ற கேள்விக்குச் சொல் தமிழ், பெயர் எபிரேயம் என்று இரண்டு பதில் சொல்லியாக வேண்டும். மாவோரிப் பெண்களுக்குச் சூட்டும் 'அனஹேரா' இதன் மறுபக்கம்: பெயர் மாவோரி மரபில் வேரூன்றியது, சொல் ஆங்கிலத்தின் தேவதையைக் குறிக்கும் சொல்லிலிருந்து மிஷனரிகள் வழியாக வந்தது.

'சவரிமுத்து'வில் முத்து தமிழ். 'சவரி'யைத் தமிழிலும் சமஸ்கிருதத்திலும் தேடிக் களைத்துப்போகலாம். அது 1542இல் முத்துக்குளித்துறைக்கு வந்த பிரான்சிஸ் சவேரியாரின் பெயர். சவேரியார், ஸ்பெயினின் வடக்கே நவாரே நாட்டில் இருந்த ஹவியேர் கோட்டையில் பிறந்தவர். அந்தக் கோட்டையின் பெயர் பாஸ்க் மொழியில் 'புது வீடு' என்ற சொல்லிலிருந்து வந்தது. தமிழகக் கடற்கரைப் பரதவர் வீட்டுப் பெயருக்குள் பாஸ்க் மலைநாட்டுச் சொல் ஒன்று நானூற்றைம்பது ஆண்டுக்கு மேலாக வாழ்கிறது. இதை அகராதி காட்டாது, வரலாறு தெரிந்தால்தான் தெரியும். 'அந்தோணி'க்கு மலர் என்று பொருள் சொல்வதும் பரவலான தவறு. அது அந்தோனியுஸ் என்ற ரோமானியக் குடிப்பெயர், அதன் வேர் தெரியாது. கிரேக்கத்தில் மலரைக் குறிக்கும் சொல்லோடு ஒலியொப்புமை கண்ட பிற்காலத்தார் சேர்த்த பொருள் அது. ஆங்கில எழுத்துக்கூட்டலில் நடுவே ஒரு ஹகரம் நுழைந்ததும் அதனால்தான்.

இந்துக் குடும்பங்களில் பெயர்த் தேடலை வழிநடத்துவது பெரும்பாலும் நட்சத்திர எழுத்து. சாதகம் கணித்து, நட்சத்திரத்தின் பாதத்துக்கு உரிய எழுத்தில் பெயர் தொடங்க வேண்டும் என்பார்கள். அசுவினிக்குச் சு, சே, சோ, ல. திருவாதிரைக்குக் கு, க, ங, ச. பூராடத்துக்குப் பூ, த, ப, ட. வட இந்திய மொழிகளின் எழுத்து முறையை அடியொற்றிய இந்த வரிசை தமிழுக்குப் பொருந்தாத இடங்கள் உண்டு. டகரத்தில் தமிழ்ச் சொல் தொடங்காது என்பது தொல்காப்பிய காலத்து வரையறை. ஙகரமும் அப்படியே. மாவோரியில் ஙகரத்தில் தொடங்கும் சொற்கள் ஏராளம், 'ங்கையோ' என்பது ஒரு மரத்தின் பெயராகவும் பெண் பெயராகவும் வழங்குகிறது. தமிழில் அந்த எழுத்தில் பெயர் கேட்டால் இல்லாததைத்தான் உண்டாக்கித் தர வேண்டும். பட்டியல்கள் உண்டாக்கித் தருகின்றன, உண்டாக்கிய பெயருக்குப் பொருளும் உண்டாக்குகின்றன. 'தனித்துவமானவன்', 'கடவுளின் பரிசு', 'இளவரசி' என்ற மூன்று பொருள்களில் ஒன்று ஒரு பெயருக்கு எந்தச் சொற்பிரிப்பும் இல்லாமல் கொடுக்கப்பட்டிருந்தால், அது பெரும்பாலும் வேறு எதுவும் கிடைக்காமல் எழுதப்பட்டது.

எண் சோதிடம் ரோமன் எழுத்துக்கூட்டலைத்தான் மாற்றுகிறது, ஒரு 'ஏ'யையோ 'ஹெச்'சையோ கூட்டுகிறது. பெற்றோர் இருவர் பெயர்களின் அசைகளைச் சேர்த்துப் புதுப்பெயர் அமைக்கும் வழக்கம் ஈழத்தமிழரிடையே ஊன்றியது. அத்தகைய பெயருக்கு அகராதிப் பொருள் இல்லை என்பதில் குறைவொன்றும் இல்லை. தாயும் தகப்பனும் அதில் இருக்கிறார்கள், அந்தப் பெயரின் வேர் அதுதான். 'எங்கள் இரண்டு பேர் பெயரிலிருந்து அமைத்தது' என்று பெயர்சூட்டு அழைப்பிதழில் போடுவது, இல்லாத சமஸ்கிருதப் பொருளைப் போடுவதைவிட எவ்வளவோ மேலானது. பிள்ளை வளர்ந்து கேட்கும்போது சொல்வதற்கு உண்மையான கதை ஒன்று இருக்கும்.

ஒரு பெயர் உண்மையில் வழங்கியதா என்று பார்க்கத் தமிழுக்கு நல்ல கருவிகள் இருக்கின்றன. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன் முதலில் பார்க்க வேண்டியது. அது பல சொற்களுக்குச் சமஸ்கிருத மூலம் காட்டுவதில் தாராளமாக நடந்துகொண்டது என்ற குற்றச்சாட்டை ஞா. தேவநேயப் பாவாணர் எழுப்பினார். அவர் தொடங்கிவைத்த செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் பேரகரமுதலி எதிர்ப்பக்கம் சாய்வது. இரண்டுக்கும் நடுவே நின்று பார்க்க, பரோவும் எமனோவும் 1961இல் வெளியிட்டு 1984இல் திருத்திய திராவிடச் சொற்பிறப்பு அகராதி உதவும். ஒரு சொல் கன்னடத்திலும் தெலுங்கிலும் தோடர் மொழியிலும் இனமாக இருக்கிறதா என்று அது காட்டும். வடமொழிக்கு மோனியர் வில்லியம்ஸின் அகராதி. மனிதர்களுக்குச் சூட்டிய பெயர் என்பதற்குக் கல்வெட்டே உயர்ந்த சான்று. நொபோரு கராஷிமாவும் எ. சுப்பராயலுவும் தோரு மட்சுயியும் 1978இல் தொகுத்த சோழர் கல்வெட்டுப் பெயர் அடைவு இதற்கென்றே அமைந்த நூல். அதற்கும் முந்திய காலத்துக்கு ஐராவதம் மகாதேவன் 2003இல் வெளியிட்ட தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுத் தொகுப்பும், கீழடி, கொடுமணல் பானை ஓடுகளும் உண்டு. 'ஆதன்' இரண்டாயிரம் ஆண்டுக்கு முன் தமிழர் தம் பானையில் கீறிவைத்த பெயர் என்று இன்று ஓடு ஒன்றைக் கையில் பிடித்துக் காட்டிச் சொல்ல முடிகிறது.

குழந்தையின் முதற்பெயரோடு ஒட்டிவரும் குடும்பப் பெயருக்கு வேறு வகை ஆவணம் வேண்டும். 1879 முதல் 1916 வரை ஒப்பந்தக் கூலிகளாக ஏறத்தாழ அறுபதாயிரம் இந்தியர் ஃபிஜிக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். 1903 முதல் சென்னைத் துறைமுகத்திலிருந்தும் கப்பல் போயிற்று, தமிழரும் தெலுங்கரும் மலையாளிகளும் சேர்ந்தார்கள். குடும்பப் பெயர் வைத்துக்கொள்ளும் வழக்கம் பெரும்பாலான தமிழரிடம் இல்லை. எழுத்தர் காதில் விழுந்தபடி எழுதியதே பெயராயிற்று. ராமசாமி, முனிசாமி என்ற பெயர்களின் பின்பாதி பிரிந்து 'சாமி' ஃபிஜியில் குடும்பப் பெயராக நின்றது. கவுண்டர் அங்கே 'கவுண்டர்' என்ற ஒலிக்கு அருகிலேயே நிற்க, 1860இல் முதல் கப்பல் போன தென்னாப்பிரிக்காவில் 'கோவெண்டர்' ஆனார். முதலி அங்கே 'மூட்லி' ஆனார். இந்த இரண்டு நாட்டு வழியினரும் இன்று ஆக்லாந்தில் அக்கம்பக்கத்தில் வாழ்கிறார்கள். கோவெண்டரைப் பார்த்தால் கோவிந்தன் நினைவுக்கு வருவது இயல்பு. ஒலியை நம்பாமல் குடியேற்றத் தாள்களை நம்ப வேண்டிய இடம் இது.

அந்தக் குடியேற்றச் சீட்டுகள் சுவாவிலுள்ள ஃபிஜி தேசிய ஆவணக்காப்பகத்தில் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, மாவட்டம், தாலுகா, கிராமம், உடலில் உள்ள அடையாளம் ஆகியவை குறிக்கப்பட்டிருக்கும். ஊர் கிடைத்துவிட்டால் பெயரின் பொருள் வேறு வெளிச்சத்தில் தெரியும். அகராதியில் சுடலை என்றால் சுடுகாடு. திருநெல்வேலிப் பக்கத்து ஊர் என்று சீட்டில் இருந்தால் சுடலைமுத்து, சுடலைமாடனைக் குலதெய்வமாகக் கும்பிட்ட வீட்டின் பிள்ளை. மாரியப்பன், முனியாண்டி, கருப்பசாமி ஆகிய பெயர்களும் இப்படியே அகராதியை விட்டுக் கோயிலுக்கு அழைத்துச் செல்பவை.

ஃபிஜி வழித் தமிழரின் பிள்ளைகள் மிகவும் கூச்சத்தோடு கேட்கும் பெயர்களில் ஒன்று 'குப்புசாமி'. தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கத்தை 1926இல் ஃபிஜியில் நிறுவிய சாதுவின் பெயரும் அதுவே. குப்பு, குப்பன், குப்பம்மாள் என்பவற்றை அகராதியில் பார்த்தால் குப்பைக்குப் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்தும். சொற்பொருள் அதுதான். முன்னே பிறந்த பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில், அடுத்துப் பிறந்ததைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, வேண்டாத பிள்ளை போலப் பெயரிட்டு, எமன் கண்ணில் படாமல் காப்பாற்றப் பார்ப்பது தமிழ்நாட்டில் பரவலாக இருந்த வழக்கம். பிச்சை என்ற பெயரும் இந்த வழியில் வந்ததுண்டு: பிள்ளையை இன்னொருவரிடம் கொடுத்து, அவரிடமிருந்து பிச்சையாக வாங்கிக்கொள்வார்கள். இந்தப் பெயர்களைத் தாங்கியவர்களின் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டியது அகராதிச் சொல்லும் இந்த வழக்கமும் சேர்ந்த விளக்கத்தைத்தான். சீட்டில் இறந்துபோன உடன்பிறந்தார் பற்றிய குறிப்பு இராது. அந்தக் குடும்பத்தில் இறந்த பிள்ளைகள் இருந்தார்களா என்பதை வீட்டுப் பெரியவர்களின் நினைவு ஒன்றிலிருந்துதான் கேட்டு எழுதிக்கொள்ள முடியும்.